ஒரு ஓமும் இரண்டு ஓமும்

எங்கள் கோயில் பங்கு மலருக்கு ஏதாவது எழுதித் தரும்படி கேட்டு வீட்டுக்கு வந்த பிள்ளைகள், கதிரையில் இருக்க முதலே கேட்ட கேள்வி இதுதான்: "அங்கிள், நீங்கள் சினிமாவில வேலை செய்தனீங்களாமே. எந்த நடிகரைக் கண்டனீங்கள்?"

ஒருவரையும் காணவில்லை. நான் கண்டவர்கள் பாண் போடுகிறவர்கள், ட்ராம் ஓட்டுகிறவர்கள், மீன் சந்தையில் ஐஸ் உடைக்கிறவர்கள். ஐரோப்பாவின் நகரங்களில் சாதாரண சனங்கள் ஒரு சாதாரண நாளை எப்படிக் கழிக்கிறார்கள் என்று விவரணப்படம் எடுக்கும் ஒரு மதாமிடம் பத்தொன்பது வருடம் வேலை செய்தேன். அத்தனை நகரத்துக்குப் போயும் ஒரு கோபுரத்தைக்கூட ஒழுங்காக நிமிர்ந்து பார்க்கவில்லை. நிமிர்ந்தால் தடி ஆடும். நீளத் தடியின் நுனியில் மைக்கைக் கட்டி, கதைக்கிறவரின் தலைக்கு மேலே, கமராவின் கண்ணில் படாமல் பிடித்துக்கொண்டு நிற்பதுதான் என் வேலை.

"அப்ப தடி பிடிச்சனீங்களோ?" என்று பிள்ளைகள் கேட்டார்கள்.

"ஓம்" என்றேன்.

அந்த "ஓம்" பற்றித்தான் எழுதப்போகிறேன். பத்தாம் வகுப்போடு படிப்பை விட்டவன் நான். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

மொன்றியலுக்கு வந்து நாலு வருடம் கோப்பை கழுவினேன். பிறகு கமராச் சாமான்கள் வாடகைக்குக் கொடுக்கும் ஒரு கடையில், திரும்பி வரும் கேபிள்களின் சேற்றைத் துடைத்துச் சுருட்டி வைக்கும் வேலை கிடைத்தது. அங்கேதான் மதாம் ஜினெட் என்னைக் கண்டார். கட்டையான பெண்மணி, மழை வெயில் பாராமல் சிவப்பு றப்பர் சப்பாத்து. நான் ஒரு மணித்தியாலம் வாய் திறக்காமல் கேபிள் சுற்றுவதைப் பார்த்துவிட்டு அருகில் வந்தார். (மதாம் பேசியதெல்லாம் பிரெஞ்சு. நான் எங்கட தமிழில் போடுகிறேன்.)

"கையை மேல தூக்கினபடி எவ்வளவு நேரம் நிப்பீர்?"

"பெரிய வெள்ளிக்குச் சிலுவைப் பாதையில சிலுவை தூக்கிறது நான்தான், மதாம்."

"அது போதும்" என்றார். என் படிப்புச் சான்றிதழ் அவ்வளவுதான். சவிரிமுத்து என்ற பேர் அவர் வாயில் நுழையவில்லை. அது உங்கட பிரெஞ்சில ஸாவியே தான் என்று சொன்னேன். அன்றிலிருந்து மிஸ்யூ ஸாவியே ஆனேன்.

மதாமின் முறை ஒரு தனி முறை. ஒருவரையும் "திருப்பிச் செய்யுங்கோ" என்று சொல்லமாட்டார். பாண் பேக்கரிக்காரர் கதவைத் திறக்கும்போது நாங்கள் தவறவிட்டால், அடுத்த நாள் காலை அவர் திறக்கும்வரை போய்க் காத்துநிற்போம். ஒருவர் அழுதால் கமராவை அவருடைய சப்பாத்துக்குத் திருப்பச் சொல்லுவார். படம் பிடிக்கிற லூக், ஆறடி மனிசன், எந்த நேரமும் எதையாவது சாப்பிட்டுக்கொண்டிருப்பவர், மதாம் விரலை உயர்த்தினால் மட்டும் மெல்லுவதை நிறுத்துவார்.

ஒவ்வொரு இடத்திலும் வேலை முடிந்ததும் ஒரு நிமிடம் எல்லோரும் சிலைபோல நிற்கவேண்டும். அந்த அறையின் வெறும் சத்தத்தை மட்டும் பதிவது. குளிர்சாதனப் பெட்டியின் முனகல், குழாயின் சொட்டு, வெளியில் ட்ராம். பிறகு படத்தைத் தொடுக்கும்போது அது தேவைப்படும். மதாம் மணிக்கூடு பார்ப்பார். நான் பார்ப்பதில்லை. மனதுக்குள் நிறுத்தி நிதானமாக நாலு "அருள் நிறைந்த மரியே" செபம் சொன்னால் சரியாக ஒரு நிமிடம். குளிர் காலத்தில் மட்டும் மாதா கொஞ்சம் வேகமாகப் போய்விடுவா, ஐம்பது செக்கனில் முடிந்துவிடும்.

மதாமும் பெரிய பக்திக்காரி என்றுதான் முதல் இரண்டு வருடமும் நினைத்திருந்தேன். கேபிளில் கால் தடக்கினால் "தபெர்நாக்!" என்பார். அது நற்கருணைப் பேழை. பற்றரி தீர்ந்தால் "கலிஸ்!" அது பூசைக் கிண்ணம். மழை பிடித்தால் "ஓஸ்தி!" அது நற்கருணை அப்பம், எங்களுக்கே தெரியும். துன்பம் வந்த நேரமெல்லாம் இப்படி ஆண்டவரைக் கூப்பிடுகிற ஒரு மனிசியை நான் கண்டதில்லை. ஒவ்வொரு தடவையும் நானும் நெற்றியில் சிலுவை போட்டுக்கொள்வேன். அவர் என்னை விசித்திரமாகப் பார்ப்பார்.

நான் அவரைப் பார்த்து வியந்ததும் ஒன்று இருந்தது. படம் தொடங்க முதல், சத்தம் பதிவாகத் தொடங்கிவிட்டதா என்று என்னிடம் கேட்பார்: "ஓடுதோ?" நான் "ஓம்" என்பேன். என்ன பிரெஞ்சு படித்தாலும் கை இரண்டும் தடியில் இருக்கும்போது வாயில் வருவது அதுதானே. உடனே மதாமும் லூக்கும் ஒரு கணம் தலை குனிவார்கள். பிறகுதான் கமரா ஓடும். இது இந்தத் தொழிலின் மரியாதை என்று நினைத்து நானும் குனிவேன்.

மூன்றாம் வருடம் அந்தோனியார் திருநாளுக்கு மொன்றியலில் செயின்ட்-மிஷேலில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு மதாமைச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டோம். எங்கள் பங்கு ஃபாதரும் வந்திருந்தார். என் மனைவி திரேசா நண்டுக்கறி வைத்திருந்தா. மதாம் ஒரு செத்தல் மிளகாயை நண்டுக் கால் என்று நினைத்துக் கடித்துவிட்டார்.

"தபெர்நாக்!"

நான் பெருமையோடு ஃபாதரைப் பார்த்தேன். "பாத்தியளோ ஃபாதர், வாய் எரியிற நேரத்திலையும் நற்கருணைப் பேழையைத்தான் நினைக்கிறா."

ஃபாதர் இந்த ஊரில் முப்பது வருடம் இருக்கிறவர். குடித்த சோடா மூக்கால் வந்தது. துவாயால் முகத்தைத் துடைத்தபடி, இந்த ஊரில் கோயில் சாமான்களின் பேர்தான் தூசணம் என்பதை எங்களுக்கு விளங்கப்படுத்தினார். திரேசா கையிலிருந்த அகப்பையைக் கீழே வைத்துவிட்டா. இரண்டு வருடமாக நான் தூசணத்துக்குச் சிலுவை போட்டிருக்கிறேன்.

மதாமுக்கு விஷயம் தெரிந்ததும் வெட்கப்பட்டார். "நான் பதினாறு வயசில கோயிலை விட்டவள், ஃபாதர். ஆனா மிஸ்யூ ஸாவியே படம் தொடங்க முதல் தன்ர மந்திரத்தைச் சொல்லேக்க, நானும் தலை குனியிறனான். அந்த மரியாதை எனக்கு இருக்கு."

"என்ன மந்திரம்?" என்றார் ஃபாதர்.

"ஓம்."

திரேசா என் பக்கம் திரும்பினா. "என்னப்பா, வேலைக்குப் போற இடத்தில மந்திரமோ சொல்லுறியள்?"

"ஐயோ, இல்லையடியப்பா. கேட்டதுக்குப் பதில் சொன்னனான்."

"மெய்யாவோ?"

"ஓம்!"

"இந்தா, இப்பவும் சொல்லுறார்!" என்று மதாம் தலை குனிந்தார்.

எங்கள் ஊரில் "ஓம்" என்றால் "ஆம்", பிரெஞ்சில் "வி", என்று ஃபாதர் சொன்னபோது மதாம் சிரித்த சிரிப்பில் மேல் வீட்டுக்காரர் நிலத்தில் தட்டினார். "ரெண்டு வருசமாய் ஒரு 'வி'க்குக் குனிஞ்சிருக்கிறனே!" ஆனாலும் பழக்கம் விடவில்லை. கடைசி வருடம் வரைக்கும் நான் ஓம் சொல்ல அவர்கள் குனிந்தார்கள்.

இவ்வளவும் சிரித்துவிட்டுப் போகிற கதை. இனிச் சொல்லப்போவது என் நெஞ்சில் நெடுநாள் குத்திக்கொண்டிருந்தது.

மதாமுக்கு முழங்கால் வருத்தம் தொடங்கியிருந்தது. இதுதான் என் கடைசிப் படம் என்று சொல்லித்தான் அதைத் தொடங்கினார். ஐந்து நகரங்கள், விடியற்காலையில் ஒரு நகரத்தை யார் திறந்து வைக்கிறார்கள் என்பது விஷயம். நாலு நகரம் நல்லபடி முடிந்தது. ஐந்தாவது சுவிஸில் பாசல். அங்கே நாலு நாளும் மழை. வருகிறேன் என்ற ட்ராம் சாரதிக்குக் காய்ச்சல், பேக்கரிக்காரர் விடுமுறையில் போய்விட்டார். அடுத்த நாள் விமானம். படத்துக்கு முடிவில்லை. மதாம் ட்ராம் தரிப்பிடத்தில் சப்பாத்துக்குள் தண்ணீரோடு நின்று கோயில் சாமான்களை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

அப்போது என் பின்னால் ஒரு குரல் போனில் சொன்னது: "இந்த நாசமாய்ப் போன மழை விடாது போல கிடக்கு."

திரும்பினேன். ஐம்பது வயதிருக்கும். கறுப்பு மழைச்சட்டை, கையில் திறப்புக் கொத்து.

"தங்கச்சி யாழ்ப்பாணமோ?"

"ஓமண்ணை! நீங்கள்?"

பேர் யோகம். பக்கத்தில் ஒரு பெரிய அலுவலகக் கட்டடத்தைத் துப்புரவாக்குகிறவ. ஒவ்வொரு நாளும் விடிய ஐந்து மணிக்கு அதைத் திறக்கிறவவும் அவதான். மதாமின் கண் விரிந்தது. "கேளும், மிஸ்யூ ஸாவியே! படம் எடுக்கலாமோ எண்டு கேளும்!" லூக் அதற்குள் கமராவைத் திறந்துவிட்டார். நானும் பதிவை ஓடவிட்டேன், அனுமதியும் பதிவாக வேண்டும் என்பதுதான் முறை.

கேட்டேன். யோகம் மதாமின் நனைந்த தலையைப் பார்த்தா, என்னைப் பார்த்தா, சிரித்தா.

"ஓமண்ணை, ஓம். பேந்து பாப்பம்."

இதை வாசிக்கிற உங்களுக்கு விளங்கும். எனக்கும் விளங்கியது: மாட்டன் என்கிறா. ஆனால் மதாம் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பத்தொன்பது வருடத்தில் முதல் தடவையாக எங்கள் பாஷை அந்தப் படங்களில் வரப்போகிறது என்ற ஆசையும் என் மனதில் இருந்தது. சொல்லுக்குச் சொல் மாற்றிச் சொன்னேன்: "ஆம். பிறகு பார்ப்பா."

"பின்ன? படம் முடிய நாங்களே அவவுக்குக் காட்டுவம்!" என்றார் மதாம்.

நான் ஒரு சொல்லும் பொய் சொல்லவில்லை. அதுதான் என் பொய்.

கட்டடக்காரரிடம் மதாம் அன்றே அனுமதி வாங்கினார், அடுத்த நாள் விடிய ஐந்து மணிக்கு, விமானத்துக்கு முதல், அங்கே போய் நின்றோம். வந்து நின்றவர்களைப் போகச் சொல்ல மனமில்லாமல், வீட்டுக்கு வந்த விருந்தாளியைப் போலத்தான் யோகமும் எங்களை நடத்தினா. போத்தலில் இருந்த பால் விடாத பிளேன்ரீயை எங்களுக்கும் ஊற்றித் தந்தா. வாளியை உருட்டிக்கொண்டு மேல் மாடிக் கூட்ட அறைக்குப் போனா. இருபது கதிரை போட்ட நீளமான மேசை. நிலத்தைத் துடைத்துக்கொண்டிருக்கையில் போன் அடித்தது. ஊரிலிருந்து அவவின் அக்கா. யோகம் மொப்பை மேசையில் சாத்திவிட்டு, செருப்பைக் கழற்றி, தலைவர் இருக்கிற பெரிய கதிரையில் இருந்தா. ஒரு கையில் போன். மற்றக் கை தன்பாட்டில் ஈரத் துணியை வாளிக்குள் பிழிந்துகொண்டிருந்தது.

"ஓமக்கா, ஒஃபிஸிலதான் நிக்கிறன். மீட்டிங் ரூமில. பெரிய மேசை. இருவது பேர் இருக்கலாம். இல்லை, இன்னும் ஒருத்தரும் வரேல்ல. நான்தான் எப்பவும் முதல் வாறது."

ஒரு சொல்லும் பொய் இல்லை.

அப்போது என்னைப் பார்த்தா. தமிழ் விளங்கும் காது அந்த அறையில் என்னுடையது மட்டும்தான், அதுவும் ஹெட்ஃபோனுக்குள். விரலை உதட்டில் வைத்தா. மதாமுக்கு அது "சத்தம் போடாதேங்கோ". எனக்கு அது "சொல்லிப்போடாதேங்கோ".

முடிய, கையெழுத்துத் தாளை நீட்டினேன். "பேந்து போடுவம் அண்ணை" என்றா. ஒரு நிமிட அமைதிக்கு நின்றோம். அன்றைக்கு எனக்கு இரண்டாவது "அருள் நிறைந்த மரியே"க்கு மேல் ஓடவில்லை.

மொன்றியலில், அஹுன்ட்சிக்கில், ஒரு பழைய தையல் ஆலைக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில் மதாம் படங்களைத் தொடுக்கிற அறை. யோகத்தின் பேச்சை நான் பிரெஞ்சில் சொல்லச் சொல்ல, மதாம் மேசையில் அடித்துச் சிரித்தார், பிறகு கண்ணைத் துடைத்தார். "இதுதான் முடிவு. என்ர கடைசிப் படத்துக்கு இதைவிட ஒரு முடிவு வராது." படம் இணையத்தில் எல்லா நாட்டிலும் பார்க்கக் கிடைக்கும் என்றார். எல்லா நாடு என்றால் யாழ்ப்பாணமும்தான்.

அந்தச் சனிக்கிழமை ஃபாதரிடம் பாவத்தைச் சொல்ல, பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன்.

"ஃபாதர், ஒரு மனிசி மாட்டன் எண்டதை, நான் ஓம் எண்டு மாத்திச் சொல்லிப்போட்டன்."

"அவ என்ன சொன்னவ?"

"'ஓமண்ணை, ஓம். பேந்து பாப்பம்' எண்டவ."

அந்தப் பக்கம் ஃபாதர் தட்டிக்குக் கிட்டச் சாய்ந்தார். "ஓம் ரெண்டு தரமோ?"

"ரெண்டு தரம், ஃபாதர்."

"பேந்தும் போட்டவவோ?"

"போட்டவ."

"பாப்பமும்?"

"ஓம், ஃபாதர்."

"இதைவிட வேற எப்பிடியப்பா ஒரு யாழ்ப்பாணத்து மனிசி மாட்டன் எண்டு சொல்லுறது? மூண்டு அருள் நிறைந்த மரியே சொல்லும். போய் உம்மட மதாமிட்டையும் சொல்லும்."

"மதாமிட்டைச் சொல்லுறதுக்குப் பதிலாய் முப்பது மரியே தாங்கோவன், ஃபாதர்."

தரவில்லை.

திங்கட்கிழமை போய்ச் சொன்னேன். மதாம் நற்கருணைப் பேழையில் தொடங்கினார். கிண்ணம், ஓஸ்தி, சிலுவை, மெழுகுதிரி என்று பலிபீடத்தில் இருக்கிற ஒவ்வொன்றாகக் கீழே இறக்கினார். விரிப்பு மட்டும்தான் மிச்சம். இந்த முறை நான் சிலுவை போடவில்லை, தலை குனிந்து நின்றேன். கடைசியில் கதிரையில் இருந்து, "ஏன் எனக்கு அப்பவே சொல்லேல்ல?" என்று மெல்லக் கேட்டார். தூசணத்தைவிட அதுதான் சுட்டது.

தயாரிப்பாளரின் சட்டத்தரணியைக் கூப்பிட்டார்கள். நல்ல உடுப்புப் போட்ட இளம் மனிதர். பதிவைக் கேட்டார். "இரண்டு தடவை ஆம் என்கிறாரே. ஒன்றைவிட இரண்டு பலமானது."

"எங்கட பாஷையில ரெண்டு குறைவு, ஐயா" என்றேன். "ஒரு ஓம் எண்டால் ஓம். 'ஓம், ஓம்' எண்டால் நீ சொல்லுறது காதில விழுகுது, அவ்வளவுதான். 'ஓமோம்' எண்டு இழுத்தால் உன்னை நம்பேல்ல. 'ஓம், பேந்து' எண்டால் இல்லை. 'ஓம், பாப்பம்' எண்டால் ஒருநாளும் இல்லை."

அவர் எல்லாவற்றையும் கொப்பியில் எழுதினார். "அப்படியென்றால் உங்கள் ஆட்கள் 'இல்லை' என்பதை எப்படிச் சொல்லுவார்கள்?"

"சொல்லுறதில்லை, ஐயா."

சட்டப்படி பதிவு செல்லும், யாரும் கேட்கப்போவதில்லை என்றுதான் அவர் முடித்தார். மதாம் எழும்பினார். "சட்டத்துக்குச் செல்லட்டும். எனக்குச் செல்லாது. திருப்பிக் கேப்பம். மாட்டன் எண்டால் பாசல் வெளியில. படம் நாலு நகரத்தோட, முடிவில்லாமல் நிக்கும்."

ஒருவரையும் எதையும் திருப்பிச் செய்யச் சொல்லாத மதாம், அன்றைக்குத்தான் முதல் தடவையாக "திருப்பி" என்ற சொல்லைச் சொன்னார். நான் யோகத்துக்குப் போன் எடுத்து எல்லாவற்றையும் சொன்னேன். சொல்லி முடிய அந்தப் பக்கம் அமைதி. பத்தொன்பது வருடம் அமைதியைப் பதிந்தவன் நான். அப்படி ஒரு அமைதியைக் கேட்டதில்லை. தூரத்தில் ஒரு ட்ராம் போனது.

"அண்ணை, நான் மாட்டன் எண்டது உங்களுக்கு விளங்கேல்லையோ?"

"விளங்கினது, தங்கச்சி."

"பேந்தென்ன?"

"விளங்காத மாதிரி நிண்டுட்டன்."

ஏசுவா என்று நினைத்தேன். சிரித்தா. "நானும் அப்பிடித்தானே அண்ணை அக்காவுக்கு. ஒஃபிஸில நிக்கிறன் எண்டு உண்மையைத்தானே சொன்னனான்." பிறகு, "ஒரு கிழமை தாங்கோ. படத்தில பாக்க முதல் அக்காவுக்கு நானே சொல்லவேணும். அவ ஊரெல்லாம் என்ர தங்கச்சி ஒஃபிஸர் எண்டு சொல்லி வைச்சிருக்கிறா. மனம் உடைஞ்சிடுவா."

அந்த ஒரு கிழமை நான் வேலைக்குப் போகும் பஸ்ஸில் போகும்போதும் வரும்போதும் செபமாலை சொன்னேன். கோயிலை விட்ட மதாம், "எனக்கும் சேர்த்துச் சொல்லும்" என்றார். லூக் சாப்பிடவில்லை. அதுதான் எனக்குப் பெரிய பயம்.

ஏழாம் நாள் போன் வந்தது. மதாம் ஒலிபெருக்கியில் போடச் சொன்னார்.

"அண்ணை, சொல்லிப்போட்டன். அழுதழுது சொன்னன். முழுக்கக் கேட்டிட்டு அக்கா என்ன சொன்னவ தெரியுமோ? 'பதினொரு வரியமாய் உன்ர மீட்டிங்கில ஆரோ தண்ணிக்குள்ள புடவை பிழியிற சத்தம் கேக்குது. சுவிஸில மனேஜர்மார் புடவை பிழியிறவையோடி?' எண்டு கேக்கிறா!"

மைக் பிடித்துப் பிழைத்தவன் நான். யாழ்ப்பாணத்தில் ஒரு மனிசி, மைக் இல்லாமல், ஹெட்ஃபோன் இல்லாமல், முதல் நாளே எல்லாவற்றையும் கேட்டிருக்கிறா. தங்கச்சி சொல்லாததைத் தானும் கேட்காமல் விட்டிருக்கிறா. நான் பிரெஞ்சில் சொன்னபோது மதாம் மேசையில் தலையை வைத்துவிட்டார். சிரிக்கிறாரா அழுகிறாரா என்று தெரியவில்லை. லூக் கமராவை எடுத்திருந்தால் சப்பாத்துக்குத்தான் திருப்பியிருப்பார்.

"அக்கா இன்னுமொண்டு கேட்டவ அண்ணை. படத்தில அந்தக் கதிரை வடிவாத் தெரியுமோ எண்டு."

"வடிவாத் தெரியும், தங்கச்சி."

அனுமதியை முறைப்படி பதியவேண்டும் என்றார் மதாம். போன் மேசையில் கிடந்தது, இருந்தாலும் நான் தடியை எடுத்து அதற்கு மேலே பிடித்துக்கொண்டு நின்றேன். வேறு மாதிரி எனக்குத் தெரியாது.

"ஓடுதோ?" என்றார் மதாம்.

"ஓம்."

இருவரும் தலை குனிந்தார்கள்.

"தங்கச்சி, உங்களை எடுத்த படம், அக்காவோட கதைச்சது எல்லாம், ஊர் உலகத்துக்குக் காட்ட உங்களுக்குச் சம்மதமோ?"

"ஓம்."

நான் காத்து நின்றேன். ஒரு முழு "அருள் நிறைந்த மரியே" சொல்லி முடிந்தது. இரண்டாவது ஓம் வரவில்லை. பேந்து வரவில்லை. பாப்பம் வரவில்லை.

மதாம் என்னைப் பார்த்து, கண்ணால் கேட்டார்: ஒண்டோ, ரெண்டோ? இரண்டு கையும் தடியில் இருந்தபடியால், ஒரு விரலை மட்டும் பிரித்து உயர்த்திக் காட்டினேன்.

"தபெர்நாக்" என்றார் மதாம், மெதுவாக, கோயிலுக்குள் சொல்லுவதைப் போல.

"ஆமென்" என்றேன்.